40 லட்சம் வீட்டுக் கடன்: 20 வருஷமா, 30 வருஷமா? மொத்தத்தில் எவ்வளவு கட்டி முடிப்போம்?

கீரணத்தம்_வீடு (கோவை) கேட்டது:

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நானும் மனைவியும் சரவணம்பட்டியில் வாடகைக்கு இருக்கிறோம், வாடகை 13,000. நான் பம்புசெட் கம்பெனியில் பர்ச்சேஸ் பிரிவு, அவர் தனியார் ஆஸ்பத்திரியில் நர்ஸ். இரண்டு பேருக்கும் சேர்த்துக் கைக்கு வருவது 82,000. பையன் யுகேஜி படிக்கிறான். கீரணத்தம் தாண்டி 3 சென்ட்டில் கட்டி முடித்த வீடு ஒன்று 50 லட்சத்துக்கு வருகிறது. டிடிசிபி (நகர ஊரமைப்புத் துறை) அனுமதி பெற்ற சைட், ரோடு அகலம், போர் தண்ணீர் பரவாயில்லை. விற்பவர் தை மாதத்துக்குள் கிரயம் முடிக்கச் சொல்கிறார்.

வங்கியில் 40 லட்சம் தருகிறார்கள், வட்டி 8.5 சதவீதம். 20 வருஷம் என்றால் மாதம் 34,713, 30 வருஷம் என்றால் 30,757. கடன் பிரிவில் இருந்தவர், "மாசம் நாலாயிரம் மிச்சம் சார், பையன் ஸ்கூலுக்கு ஆகும், 30 போட்டுக்குங்க" என்று சொல்லிக்கொண்டே ஃபார்மில் தவணை 360 என்று எழுதிவிட்டார். நான் இன்னும் கையெழுத்துப் போடவில்லை. கூடவே ஒரு இன்சூரன்ஸ், பிரீமியம் 1,20,000. அதைக் கடனிலேயே சேர்த்துவிடலாம், நீங்கள் கையிலிருந்து எதுவும் தர வேண்டாம் என்கிறார்கள்.

கோபியில் அப்பாவிடம் சொன்னேன். அவர் இஎம்ஐ பற்றிக் கேட்கவே இல்லை. "வாங்குறது 40, சரி. திருப்பிக் கட்டுறது எத்தனை? அதை ஒரு தாளில் எழுதிக் கொண்டா" என்றார். இதை வங்கியில் கேட்டால் மாதத் தவணையைத்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள். என்னிடம் 12 லட்சம் இருக்கிறது. பற்றாததற்கு அம்மா நகையை வைத்து 4 லட்சம் வாங்கித் தருவதாக அப்பா சொல்கிறார். எனக்கு 33 வயது, கம்பெனியில் 58-ல் ரிட்டயர்மென்ட்.

அப்பாவின் தாளில் நான் எழுத வேண்டியது என்ன? 20-ஆ, 30-ஆ? அந்த இன்சூரன்ஸ் கட்டாயமா?

---

பல்லடம்_கணக்கு:

தம்பி, உங்கள் அப்பா கேட்டதுதான் முதலில் கேட்க வேண்டிய கேள்வி. நான் விசைத்தறிக்காரர்களுக்குக் கணக்கு எழுதுகிறவன். நம் பக்கத்தில் வட்டியை மாதத்துக்கு நூற்றுக்கு இத்தனை ரூபாய் என்றுதான் பேசுவோம், அதனால் அப்படியே சொல்கிறேன். 8.5 சதவீதம் என்பது மாதம் நூற்றுக்கு 71 பைசா. ஒரு ரூபாய் வட்டிக்குக் கூட இல்லை, ரொம்ப மலிவு என்று தோன்றும். வட்டி மலிவுதான், ஆனால் அந்த மலிவு வட்டியை எத்தனை வருஷம் கட்டுகிறோம் என்பதில்தான் விஷயமே இருக்கிறது.

முதல் மாதத்தைப் பாருங்கள். 40 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 28,333. 20 வருஷக் கணக்கில் நீங்கள் கட்டுகிற 34,713-ல் இந்த வட்டி போக அசலில் கழிவது 6,380 மட்டும். 30 வருஷத்துக்குப் போட்டால் 30,757-ல் அதே 28,333 வட்டிக்குப் போய்விடும், அசலில் கழிவது 2,424. அவர் மிச்சம் என்று சொன்ன நாலாயிரம் முழுக்க முழுக்க அசலுக்குப் போக வேண்டிய பணம். வட்டியில் ஒரு ரூபாய் கூட அவர் குறைத்துத் தரவில்லை.

இனி மொத்தம். 20 வருஷம் கட்டினால் 83 லட்சத்து 31 ஆயிரம், அதில் வட்டி மட்டும் 43 லட்சத்து 31 ஆயிரம். 30 வருஷம் என்றால் 1 கோடியே 10 லட்சத்து 72 ஆயிரம், வட்டி 70 லட்சத்து 72 ஆயிரம். 15 வருஷத்துக்கு எடுத்தால் மாதம் 39,390, மொத்தம் 70 லட்சத்து 90 ஆயிரம். ஆக மாதம் நாலாயிரத்துக்காக 27 லட்சம் கூடுதலாகக் கட்டச் சொல்கிறார்கள். கீரணத்தத்தில் நீங்கள் பார்த்த வீட்டு விலையில் பாதிக்கு மேல் ஆயிற்று.

இன்னொன்று, நிறைய பேர் பாதித் தவணை முடிந்தால் பாதிக் கடன் முடிந்தது என்று நினைக்கிறார்கள். 20 வருஷக் கடனில் 5 வருஷம் கட்டியிருப்பீர்கள், 20 லட்சத்து 83 ஆயிரம் போயிருக்கும், பாக்கி 35 லட்சத்து 25 ஆயிரம் நிற்கும். 10 வருஷம் முடியும்போது 41 லட்சத்து 65 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், அதாவது வாங்கியதற்கு மேலேயே கட்டியாகிவிட்டது, அப்போதும் பாக்கி 28 லட்சம். தவணையில் வட்டியை விட அசல் அதிகமாகப் போக ஆரம்பிப்பதே 142-வது மாதம் வாக்கில்தான், கிட்டத்தட்ட 12 வருஷம். 30 வருஷக் கடனில் 10 வருஷம் கழித்துப் பார்த்தால் 35 லட்சத்து 44 ஆயிரம் அப்படியே இருக்கும். இடையில் வீட்டை விற்க வேண்டி வந்தால் இந்தக் கணக்கு தெரியாதவர்கள் வங்கியில் பாக்கியைக் கேட்டுத் திகைத்துப் போகிறார்கள்.

கால் சதவீத வட்டிக்காக நாலு வங்கி ஏறி இறங்குகிறவர்களை எனக்குத் தெரியும். ஏறி இறங்கட்டும், வேண்டாம் என்று சொல்லவில்லை. 8.5-க்குப் பதில் 8.25 கிடைத்தால் 20 வருஷத்தில் மிச்சமாவது ஒன்றரை லட்சம். அதே ஆள் தவணை மாதத்தைப் பார்க்காமல் 360-ல் கையெழுத்துப் போட்டால் போவது 27 லட்சம்.

இன்சூரன்ஸ் கட்டாயம் என்று எந்தச் சட்டமும் இல்லை. 1,20,000-ஐக் கடனோடு சேர்த்தால் அதற்கும் இதே வட்டிதான். 20 வருஷத்தில் அது இரண்டரை லட்சம், 30 வருஷத்தில் 3 லட்சத்து 32 ஆயிரம். கையிலிருந்து எதுவும் தர வேண்டாம் என்று சொன்னதன் அர்த்தம் இதுதான். வீட்டுக் கடன் எடுப்பவருக்கு ஆயுள் காப்பீடு வேண்டும், அதில் சந்தேகமே இல்லை, அதிலும் இரண்டு சம்பளத்தை நம்பி எடுக்கும்போது இரண்டு பேருக்கும் வேண்டும். ஆனால் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (காலத்துக்குள் இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீடு) எடுத்து வருஷா வருஷம் கட்டுங்கள். கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும்.

---

ஈரோடு_பிரப்_ரோடு:

பல்லடம் அண்ணா சொன்ன கணக்கெல்லாம் வட்டி 20 வருஷமும் 8.5-லேயே நின்றால்தான். நிற்காது. எங்கள் கதையைச் சொல்கிறேன்.

2021-ல் 25 லட்சம் எடுத்தோம், 20 வருஷம், அப்போது வட்டி 6.75 சதவீதம், தவணை 19,009. அந்த நேரம் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது அது மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி, 4 சதவீதமாக இருந்தது. 2022 மே மாதம் ஏற்ற ஆரம்பித்தார்கள், 2023 பிப்ரவரிக்குள் 6.5. எங்கள் வட்டியும் அதே இரண்டரை சதவீதம் ஏறி 9.25 ஆகிவிட்டது. ஆனால் தவணை மட்டும் அதே 19,009 தான் பிடித்துக்கொண்டிருந்தார்கள், அதனால் வீட்டில் யாருக்கும் எதுவும் உறைக்கவில்லை. கடன் கணக்கு அறிக்கையை வாங்கி வரிவரியாகப் பார்த்தால் வட்டி என்று 18,500-க்கு மேல், அசல் என்ற இடத்தில் நானூறு சொச்சம். 24 லட்சம் பாக்கி இருக்கும் கடனில் மாதம் நானூறு ரூபாய் கழிந்தால் அது எந்தக் காலத்தில் முடியும்? வங்கி தன் பாட்டுக்குத் தவணைக் காலத்தைத் தள்ளிக்கொண்டே போயிருக்கிறது. எங்களை ஒரு வார்த்தை கேட்கவில்லை.

நேரில் போய்க் கேட்டு, தவணையை 22,700 அளவுக்கு ஏற்றி, முடியும் வருஷத்தைப் பழையபடி 2041-க்குக் கொண்டுவந்தோம். மாதம் 3,700 கூடியது கஷ்டம்தான், இரண்டு வருஷம் தீபாவளிக்குப் பெரிதாக எதுவும் எடுக்கவில்லை.

எங்களை மாதிரி நிறைய பேருக்கு இப்படி ஆனதால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணைத் தொகையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை அறிக்கையும் தர வேண்டும், அதில் இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதித் தவணை எல்லாம் இருக்க வேண்டும். வந்ததும் மீதித் தவணை எத்தனை என்ற எண்ணை முதலில் பாருங்கள். போன அறிக்கையை விட அது கூடியிருந்தால் உடனே கிளைக்குப் போங்கள்.

2025-ல் ரெப்போவைப் படிப்படியாக 5.25 வரை இறக்கினார்கள். எங்கள் தவணையைக் குறைக்கச் சொல்லவில்லை, 22,700-ஐ அப்படியே விட்டுவிட்டோம். இப்போது முடியும் வருஷம் முன்னால் வருகிறது.

கீரணத்தம் தம்பி ஒன்றைக் கேட்டுக்கொள்ளுங்கள். வங்கிகள் 2019 அக்டோபரிலிருந்து மாறும் வட்டி வீட்டுக் கடனை ரெப்போ மாதிரி வெளி அளவுகோல் ஒன்றோடு இணைத்துத்தான் தர வேண்டும். ஹவுசிங் ஃபைனான்ஸ் கம்பெனிகளுக்கு அந்தக் கட்டாயம் இல்லை, அவர்கள் தாங்களே ஒரு விகிதம் வைத்திருப்பார்கள். அது ஏறும்போது வேகமாக ஏறும், இறங்கும்போது மெதுவாக இறங்கும்.

---

கிரயம்_பெருந்துறை:

நான் பத்திர எழுத்தரிடம் வேலை பார்க்கிறேன். கடன் கணக்கை மற்றவர்கள் சொல்லிவிட்டார்கள், கிரயச் செலவை நான் சொல்கிறேன். வருகிறவர்களில் பாதிப் பேர் கடைசி வாரத்தில் ஓடுவது இதற்குத்தான்.

தமிழ்நாட்டில் கிரயத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 50 லட்சத்துக்கு 4 லட்சத்து 50 ஆயிரம். இந்தப் பணத்துக்கு வங்கி கடன் தராது. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரை கடன் என்றால் வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் தரலாம் என்பது ரிசர்வ் வங்கி விதி, அந்த மதிப்பில் பத்திரச் செலவைச் சேர்க்கக் கூடாது. ஆக 10 லட்சம் முன்பணம், நாலரை லட்சம் பத்திரம், இரண்டும் உங்கள் கையிலிருந்து. அப்புறம் எழுத்துக் கூலி, வக்கீல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், வங்கியின் பிராசஸிங் கட்டணம், அதற்கு 18 சதவீதம் ஜிஎஸ்டி, அடமானத்துக்கு எம்ஓடி (பத்திரங்களை வங்கியில் ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு. உதிரி உதிரியாக இருக்கும், சேர்த்தால் ஒரு லட்சத்தை நெருங்கும். பெண்கள் பெயரில் வாங்கினால் பதிவுக் கட்டணத்தில் ஒரு சதவீதச் சலுகை 2025 ஏப்ரலிலிருந்து இருக்கிறது, ஆனால் அது 10 லட்சம் மதிப்பு வரைக்கும்தான், உங்களுக்குப் பொருந்தாது.

உங்கள் 12-ஐயும் நகைக் கடன் 4-ஐயும் போட்டால் கிரயம் முடியும், முடிந்த அன்றைக்குக் கையில் ஒன்றும் நிற்காது. நகைக் கடனுக்கும் வட்டி உண்டு என்பதை மறந்துவிடுகிறார்கள். 9 சதவீதம் என்று வைத்துக்கொண்டால் 4 லட்சத்துக்கு மாதம் 3,000. உங்கள் உண்மையான தவணை 34,713 இல்லை, 37,713. குடி போனதும் கிரில் கதவு, மோட்டார், கபோர்டு, பால் காய்ச்சும் செலவு. முடிந்தால் விலையில் ஒரு லட்சம் குறைத்துப் பேசுங்கள். தைக்குள் முடிக்க வேண்டும் என்பது அவருடைய அவசரம். அதை வைத்துப் பேசலாம்.

பத்திரத்தில் விலையைக் குறைத்துப் போட்டுக்கொள்ளலாம் என்று இடையில் யாராவது சொல்வார்கள். கேட்காதீர்கள். பத்திர மதிப்பு குறைந்தால் வங்கி தரும் கடனும் குறையும், நாளைக்கு நீங்கள் விற்கும்போது லாபம் அதிகமாகத் தெரிந்து வரியும் கூடும்.

---

ஆழியாறு_63 (பொள்ளாச்சி):

வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். தம்பி பல்லடம் போட்ட கணக்கு எல்லாம் சரி, ஆனால் 83 லட்சம் என்ற எண்ணைப் பார்த்துப் பயந்து வீடே வேண்டாம் என்று யாரும் ஓடிவிடக் கூடாது என்பதற்காக எழுதுகிறேன்.

2045-ல் நீங்கள் கட்டும் 34,713-ம் இன்றைக்குக் கட்டும் 34,713-ம் ஒன்றல்ல. விலைவாசி வருஷம் 6 சதவீதம் ஏறினால் கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய பணத்தில் 10,800 சொச்சம்தான். 240 தவணையையும் அப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் 49 லட்சத்து 8 ஆயிரம் வரும். அதாவது 40 லட்சத்துக்கு நீங்கள் உண்மையில் கூடுதலாகத் தருவது ஒன்பது லட்சம் போல. வாடகை அப்படியே 13,000-ல் நிற்காது என்பதையும் சேர்த்துப் பாருங்கள். கடன் தவறு இல்லை. நீளமான கடனை ஒன்றும் செய்யாமல் அப்படியே ஓட விடுவதுதான் தவறு.

என்ன செய்யலாம் என்றால், முதல் வருஷங்களில் கட்டும் கூடுதல் பணத்துக்குப் பலம் அதிகம். முதல் வருஷக் கடைசியில் 2 லட்சம் அசலில் கட்டினால் பின்னால் 26 தவணை இல்லாமல் போகும். 26 தவணை என்றால் 9 லட்சம். அதே 2 லட்சத்தைப் பத்தாவது வருஷம் கட்டினால் குறைவது 13 தவணை. பெரிய தொகை கையில் சேரட்டும் என்று காத்திருக்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். வருஷத்துக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாக, போனஸ் வரும்போது கட்டினாலும் 20 வருஷக் கடன் மூன்று வருஷத்துக்கு மேல் முன்கூட்டியே முடிந்து எட்டு லட்சத்துக்கு மேல் மிஞ்சும். சம்பளம் ஏற ஏற வருஷம் 5 சதவீதம் தவணையைக் கூட்டிக்கொண்டே போனால் 12 வருஷம் சொச்சத்தில் கடன் காலி.

மாறும் வட்டியில் தனிநபர் எடுத்த வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. 2012-லேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குத் தடை போட்டுவிட்டது. யாராவது கேட்டால் எழுத்தில் கொடுக்கச் சொல்லுங்கள், கேட்கமாட்டார்கள். முக்கியமாக, பணம் கட்டும்போது தவணைத் தொகை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள் என்று கடிதம் கொடுத்து நகலில் சீல் வாங்கிக்கொள்ளுங்கள். சொல்லாமல் விட்டால் சில இடங்களில் தவணைத் தொகையைக் குறைத்துவிடுவார்கள், மாதம் கொஞ்சம் இலகுவாக இருக்கும், வட்டி மிச்சம் அவ்வளவாக இருக்காது.

---

பல்லடம்_கணக்கு:

ஐயா சொன்ன விலைவாசிக் கணக்கை மறுக்கவில்லை. ஆனால் அது சம்பளமும் விலைவாசியோடு சேர்ந்து ஏறுகிறவர்களுக்கு. எங்கள் பக்கம் தறிக்குக் கூலி உயர்வு கேட்டு மாதக்கணக்கில் தறியை நிறுத்திப் போட வேண்டியிருக்கிறது. திருப்பூரில் பீஸ் ரேட்டில் வேலை செய்கிறவருக்கு ஆர்டர் இருந்தால்தான் சம்பளம், 2025 ஆகஸ்டில் அமெரிக்கா 50 சதவீத வரி போட்டபோது அந்த ஆர்டரே ஆட்டம் கண்டது. பணத்தின் மதிப்பு குறையும், ஆனால் அவர் கைக்கு வரும் பணம் அதே அளவுக்குக் கூடாது.

அப்படிப்பட்டவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். 2020-ல் கொரோனா காலத்தில் மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் தவணை ஒத்திவைப்பு கொடுத்தார்கள். நிறைய பேர் அதைத் தள்ளுபடி மாதிரி நினைத்துவிட்டார்கள், வட்டி ஓடிக்கொண்டேதான் இருந்தது. இதே 40 லட்சம், 8.5 சதவீதத்தில், முதல் வருஷம் முடிந்து மீதி 228 தவணை இருக்கும் ஒருவர் ஆறு மாதம் கட்டாமல் விட்டு அப்புறம் அதே தவணையைத் தொடர்ந்தால் மீதி 255 தவணை ஆகிவிடும். ஆறு விட்டதற்கு 27 கூடுகிறது. அதனால் தம்பி, கூடுதலாகக் கட்டுவதற்கு முன்னால் ஆறு மாதத் தவணையும் வீட்டுச் செலவும் தனியாக ஒரு டெபாசிட்டில் போட்டுவிடுங்கள். அதைத் தொடாதீர்கள். முதலில் அது, அடுத்து நகை, அதற்கப்புறம் தான் கடன் அசல்.

---

கீரணத்தம்_வீடு (கோவை):

எல்லோருக்கும் ரொம்ப நன்றி. இரண்டு நாளாக இதை வைத்துத்தான் வீட்டில் பேச்சு.

அப்பாவுக்கு எழுதிய தாள் இது: முன்பணம் 10 லட்சம், கிரயம் நாலரை லட்சம், உதிரி ஒரு லட்சம், 20 வருஷத் தவணை 83 லட்சத்து 31 ஆயிரம், நகைக் கடன் வட்டி மூன்று வருஷத்துக்கு ஒரு லட்சத்துச் சொச்சம். கூட்டினால் ஒரு கோடியைத் தொடுகிறது. போனில் படித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் பேசவில்லை, அப்புறம், "ஒரு கோடிங்கறது தெரிஞ்சு வாங்கற, பரவால்ல. 50-ன்னு நினைச்சு வாங்கியிருந்தா தான் தப்பு" என்றார். மஞ்சள் விற்றதும் நகையை அவரே திருப்பிக் கொள்கிறேன் என்கிறார், நான் ஒத்துக்கொள்ளவில்லை.

ஃபார்மில் 360-ஐ அடித்து 240 என்று எழுதச் சொல்லிவிட்டேன், இன்சூரன்ஸ் வேண்டாம் என்றும் சொல்லிவிட்டேன். அந்த ஊழியர் கடைசியாக ஒன்று சொன்னார்: வட்டிக்கு 2 லட்சம், அசலுக்கு ஒன்றரை லட்சம் வருமான வரி விலக்கு கிடைக்கும், அதனால் கடனைச் சீக்கிரம் முடிப்பது நஷ்டம் என்று. இது சரியா?

---

ஆழியாறு_63 (பொள்ளாச்சி):

உங்களுக்குச் சரியில்லை. அந்த இரண்டு விலக்கும் பழைய வரி முறையில்தான். புதிய முறையில், நாமே குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது, அசலுக்கும் கிடையாது. நீங்கள் இருவரும் தனித்தனியாகச் சம்பாதிப்பது வருஷம் 12 லட்சத்துக்கு உள்ளே. 2025-26 நிதியாண்டிலிருந்து புதிய முறையில் அந்த வருமானத்துக்கு வரியே இல்லை. கட்டாத வரியை எப்படி மிச்சப்படுத்துவது? பழைய முறையில் இருப்பவருக்கும் நான் சொல்வது, 20 சதவீத வரிக்காரர் நூறு ரூபாய் வட்டி கட்டினால் இருபது ரூபாய் திரும்பும், எண்பது போனது போனதுதான்.

கையெழுத்துப் போடும் முன் முக்கிய விவர அறிக்கை என்று ஒரு தாள் கேளுங்கள். 2024 அக்டோபரிலிருந்து தனிநபர் கடன்களுக்கெல்லாம் கட்டாயம் தர வேண்டும். வட்டி, எல்லாக் கட்டணமும் சேர்த்த ஆண்டு விகிதம், மொத்தம் எவ்வளவு கட்டுவீர்கள், தவணை வாரியாக அசல் எவ்வளவு வட்டி எவ்வளவு என்று அதில் இருக்கும். உங்கள் அப்பா கேட்ட தாள் அதுதான். பிராசஸிங் கட்டணத்தைப் பேசிக் குறைக்கலாம், பண்டிகைக் காலத்தில் தள்ளுபடியே செய்வார்கள். ரெப்போவுக்கு மேல் எத்தனை சதவீதம் வைத்திருக்கிறார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். இரண்டு வருஷம் கழித்துப் புதிதாக வருபவருக்கு அதை விடக் குறைவாகத் தந்தால் ஒரு சின்னக் கட்டணத்தில் உங்களுக்கும் மாற்றித் தரச் சொல்லலாம். மறுத்தால் வேறு வங்கிக்கு மாற்றலாம். அப்படி மாற்றும்போது பாக்கி 17 வருஷம் என்றால் 17 தான் போட வேண்டும். மறுபடி 20 என்று போட்டுத் தவணை குறைந்தது என்று காட்டுவார்கள்.

---

கிரயம்_பெருந்துறை:

கடன் முடிந்த பிறகு செய்ய வேண்டியதையும் சொல்லிவிடுகிறேன், நிறைய பேர் விட்டுவிடுகிறார்கள். கடைசித் தவணை கட்டியதும் மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும். 2023 டிசம்பர் 1-க்குப் பிறகு திருப்ப வேண்டி வரும் பத்திரங்களுக்கு, அவர்கள் பக்கத் தாமதம் என்றால் ஒரு நாளைக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். இன்றைக்குக் கொடுக்கும்போதே எந்தெந்தப் பத்திரம், எத்தனை பக்கம், தாய்ப்பத்திரம் உட்பட, பட்டியல் எழுதிக் கையெழுத்து வாங்கிப் பத்திரமாக வையுங்கள்.

எம்ஓடி பதிவு செய்த அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்ததற்கு ரசீதுப் பத்திரமும் பதிய வேண்டும். அதைச் செய்யாவிட்டால் வில்லங்கச் சான்றில் அடமானம் அப்படியே நிற்கும். வீட்டை விற்கப் போகும்போதோ பையன் பெயருக்கு எழுதும்போதோ தான் தெரியும், அப்போது அந்த வங்கிக் கிளையே வேறு ஊருக்குப் போயிருக்கும். பதிந்து பத்து நாள் கழித்து ஒரு ஈசி (வில்லங்கச் சான்று) போட்டுப் பார்த்துவிடுங்கள்.